சுண்ணப் பாட்டுக்கு நான் போட்ட தடை

முகத்தில் பாதி சவர்க்கார நுரையோடு சலூன் கதிரையில் சாய்ந்திருந்தபோதுதான் என்னுடைய குரல் இன்னொருவரின் முகத்தோடு பாடுவதைக் கண்டேன். பண்டத்தரிப்புச் சந்திக்குக் கிட்ட உள்ள கடை. காத்திருந்த ஒருவர் தன் கைத்தொலைபேசியில் ஏதோ போட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார். சுண்ணப் பாட்டு. ஆள் நன்றாகத்தான் பாடுகிறான் என்று ஒரு கணம் நினைத்தேன். அடுத்த அடியில் வந்த மூச்சைக் கேட்டதும்தான் அந்த ஆள் நான் என்று தெரிந்தது.

துண்டோடு எழும்பிப் போய் வாங்கிப் பார்த்தேன். நெற்றி நிறையத் திருநீறு, கழுத்தில் உருத்திராட்சம், கண்ணை மூடிய ஒரு மனிதர். வாழ்நாளில் நான் கண்டறியாதவர். படம் அசையவில்லை, பாட்டு மட்டும் ஓடியது. கீழே அவருடைய பெயரும் இரண்டு மூன்று பட்டங்களும் இருந்தன. என்னுடைய பெயர் ஒரு மூலையிலும் இல்லை. இது நான் பாடியது என்று சொன்னேன். காத்திருந்தவர் படத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, உங்களைப் போல இல்லையே என்றார். பாதி மழித்த முகத்தோடு சைக்கிளை எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டேன். மனைவி கதவைத் திறந்ததும் பயந்து போனாள்.

என்னுடைய கோபம் விளங்க வேண்டுமென்றால் அந்தப் பாட்டைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்துச் சைவச் செத்தவீடுகளில் பிரேதத்தை எடுப்பதற்கு முன் சுண்ணம் இடிப்பார்கள். சின்ன உரலில் மஞ்சளும் அறுகும் போட்டு உறவுக்காரர் உலக்கை பிடிப்பார்கள். பேரப்பிள்ளைகள் பந்தம் ஏந்தி நிற்பார்கள். ஒருவர் பக்கத்தில் நின்று அதற்குரிய பழைய பதிகத்தைப் பாட வேண்டும். அது முடிந்தால் பெண்கள் வாய்க்கரிசி போடுவார்கள், பிறகு பெட்டியை மூடிவிடுவார்கள். முகத்தைப் பார்ப்பதற்கு வீட்டில் கடைசியாகக் கிடைக்கிற நேரம் அதுதான்.

நான் கூட்டுறவுச் சங்கத்தில் இலிகிதராகக் கணக்கு எழுதி ஓய்வு பெற்றவன். கச்சேரி செய்கிற அளவுக்குச் சங்கீதம் தெரியாது. ஆனால் இந்தப் பாட்டுக்கு என்னுடைய குரல் பொருந்தும் என்று ஊரே சொல்லும். கூப்பிட்ட வீட்டுக்கெல்லாம் போய்ப் பாடியிருக்கிறேன். ஒரு சதம் வாங்கியதில்லை. அந்த வீட்டில் தேத்தண்ணி கூடக் குடிக்க மாட்டேன். பாடி முடித்து வந்து கிணற்றடியில் தோய்ந்துவிட்டுத்தான் உள்ளே போவேன். சாவுக்குப் பாடிக் கூலி வாங்குவது பிணத்தின் கையிலிருந்து பிடுங்குவதற்குச் சமம் என்பது என்னுடைய எண்ணம். அதில் நான் சரியான பிடிவாதக்காரன்.

ஒரே நாளில் இரண்டு ஊரில் சாவு விழுந்தால் ஒரு வீட்டுக்குப் போக முடியாது. அதற்காகத்தான் யாழ்ப்பாண நகரில் உள்ள ஓர் ஒலிப்பதிவுக்கூடத்துக்குப் போய்ப் பாடிப் பதிந்தேன். பதிந்ததை எங்கள் ஊர் ஒலிபெருக்கிக்காரரிடம் கொடுத்தேன். அவர் இன்னொருவருக்குக் கொடுத்தார். அது தொலைபேசியிலிருந்து தொலைபேசிக்குத் தாவி, மயிலிட்டி வரைக்கும் போய், அங்கிருந்து எந்தெந்த நாட்டுக்கோ போய்விட்டது. என்னைக் கேட்காமல்தான் எல்லாரும் எடுத்தார்கள். அதில் எனக்கு ஒரு துளி வருத்தமும் இருக்கவில்லை. உண்மையைச் சொன்னால் பெருமையாகவே இருந்தது. அந்த உருத்திராட்சக்காரரைக் காணும் வரைக்கும்.

அடுத்த நாளே பஸ் ஏறி ஒலிப்பதிவுக்கூடத்துக்குப் போனேன். அதன் உரிமையாளர் என்னைவிட இருபது வயது இளையவர், பொறுமைசாலி. நான் கத்தி முடிக்கும் வரைக்கும் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, இதற்கு வழி இருக்கிறது என்றார். வெளிநாட்டில் ஒரு நிறுவனம் இருக்கிறதாம். பாட்டை அவர்களிடம் பதிந்தால் குரலின் கைரேகை மாதிரி ஒன்றை எடுத்து வைத்துக்கொள்வார்கள். காணொளித் தளத்தில் யார் எங்கே அதைப் போட்டாலும் இயந்திரமே பிடித்துவிடும். பிடித்தபின் என்ன செய்வது என்பதை மட்டும் நான் தெரிவு செய்ய வேண்டும். மூன்று வழிகள். பார்த்துக்கொண்டு சும்மா இருக்கலாம். விளம்பரம் போட்டு வருகிற காசை நான் வாங்கலாம். இல்லாவிட்டால் தடை.

இரண்டாவதை எடுக்கச் சொன்னார். எல்லாரும் அதைத்தான் எடுப்பார்களாம்; காணொளியும் இருக்கும், எனக்கும் ஏதோ கிடைக்கும். எனக்குக் கோபம் உச்சிக்கு ஏறியது.

"செத்தவீட்டுப் பாட்டிலை காசு பாக்கச் சொல்லுறீரோ?" என்று கேட்டேன்.

அவர் தலையைச் சொறிந்தார். சும்மா இருப்பதற்கு நான் பஸ் ஏறி வரவில்லை. எஞ்சியது தடை. உலகம் முழுவதற்குமா என்று ஒருமுறைக்கு இரண்டுமுறை கேட்டார். முழுவதற்கும்தான் என்றேன். படிவத்தில் என்னுடைய பெயரை எழுத்துக் கூட்டிச் சொல்லி எழுதுவித்தேன். ஒரு எழுத்தும் பிழைக்கக் கூடாது என்று கண்ணாடியைப் போட்டுக்கொண்டு திரையைப் பார்த்தேன்.

இரண்டு கிழமைக்குள் உருத்திராட்சக்காரர் காணாமல் போனார். அன்று நான் மனைவியைப் பாயாசம் காய்ச்சச் சொன்னேன். அதற்குப் பிறகு மின்னஞ்சல்கள் வரத் தொடங்கின. எல்லாம் ஆங்கிலத்தில் நீளநீளமாக இருக்கும். நான் இரண்டைத்தான் தேடுவேன்: என்னுடைய பெயரையும் தடை என்ற சொல்லையும். இரண்டும் இருந்தால் இன்னொரு கள்ளன் பிடிபட்டுவிட்டான் என்று மனைவிக்குச் சத்தம் போட்டுச் சொல்வேன். அவள் அரிசி களைந்துகொண்டே, நீங்கள் பொலிசில் சேர்ந்திருக்க வேண்டிய ஆள் என்பாள்.

ஒலிபெருக்கிக்காரருக்குத்தான் இது பிடிக்கவில்லை. அவரும் நானும் எத்தனையோ செத்தவீடுகளில் ஒன்றாக நின்றவர்கள். ஒருநாள் சந்தியில் வைத்து என்னை மறித்தார்.

"அண்ணை, பாட்டு ஒருத்தருக்கும் சொந்தமில்லை. குரல் உங்கடை, அதை நான் மறுக்கேல்லை. ஆனா செத்தவீட்டிலை ஒலிக்கிறது அந்த வீட்டுக்காரற்றை எல்லோ?"

நான் விடவில்லை. உன்னுடைய தோட்டத்து வெங்காயத்தை இன்னொருவன் தன் பெயர் எழுதின சாக்கில் கட்டினால் பார்த்துக்கொண்டிருப்பாயா என்று கேட்டேன். வெங்காயம் எடுத்தால் குறையும், பாட்டு எடுத்தால் குறையாது என்றார். குறையாவிட்டாலும் களவு களவுதான் என்றேன். அவர் சிரித்துவிட்டுப் போய்விட்டார். வாதத்தில் நான் வென்றுவிட்டேன் என்றுதான் அப்போது நினைத்தேன். தடை என்பது கள்ளருக்கு என்று நம்பியிருந்தேன். செத்தவீடுகளையும் அதையும் சேர்த்து யோசிக்க எனக்குத் தோன்றவே இல்லை.

அதற்கு ஏழு மாதம் கழித்து அக்கா போய்விட்டா.

எனக்கு ஒரே அக்கா. தொண்டைமானாற்றில் கலியாணம் முடித்து அங்கேயே இருந்தவ. அத்தான் முந்தியே காலமாகிவிட்டார். பிள்ளைகள் இரண்டு பேர், என்னுடைய மருமகளும் மருமகனும். மகள் பக்கத்து வளவில் இருக்கிறாள். மகன் பிரான்சுக்குப் போய்ப் பதினைந்து வருடம். அவனுடைய அகதி வழக்கு இன்னும் முடியவில்லை. வெளியே கால் வைத்தால் திரும்ப உள்ளே விட மாட்டார்கள். அங்கே மனைவியும் இரண்டு குழந்தைகளும் இருக்கிறார்கள். அம்மா வருத்தமாய்ப் படுக்கையில் கிடந்தபோதும் வர முடியவில்லை. இறந்த பிறகும் வர முடியவில்லை. பெற்ற ஒரே மகன் இருக்க, அத்தானுடைய தம்பியின் மகன்தான் கொள்ளி வைக்க வேண்டும் என்று முடிவானது.

அவன் தொலைபேசியில் அழவில்லை. ஒன்றே ஒன்றுதான் கேட்டான்.

"மாமா, எனக்கு அம்மாவைக் கடைசி வரைக்கும் காட்டுங்கோ. பெட்டி மூடுமட்டும் காட்டுங்கோ. அது போதும்."

நான் வாக்குக் கொடுத்தேன். இப்போது எங்கள் பக்கத்தில் நேரலை இல்லாத செத்தவீடு கிடையாது. பாதிச் சனம் கடலுக்கு அப்பால்தானே இருக்கிறது. படம் எடுக்கிற கடைக்காரர் ஒருவரை நானே பேசினேன். அவர் காலையிலேயே வந்து முக்காலியில் தொலைபேசியைப் பூட்டி, பெட்டியின் தலைமாட்டுக்கு நேரே வைத்தார். அவருடைய தளத்தில் ஓடும், இணைப்பை அனுப்பினால் எந்த நாட்டிலிருந்தும் பார்க்கலாம். மருமகன் அங்கே விடியமுன் எழும்பி, குளித்து, வேட்டி கட்டிக்கொண்டு தொலைக்காட்சிக்கு முன்னால் இருந்தானாம். சுண்ணம் முடிந்ததும் தங்கச்சி அவனுடைய பெயரிலும் ஒரு பிடி அரிசி போடுவாள், அப்போது அவன் கும்பிட்டுக்கொள்வான் என்று இருவரும் பேசி வைத்திருந்தார்கள்.

பாட வேண்டிய நேரம் வந்தபோது எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். வாயைத் திறந்தேன். முதல் சொல்லே வரவில்லை. எத்தனையோ வீட்டுப் பிணங்களுக்குக் கலங்காமல் பாடியவன், என்னுடைய அக்காவுக்கு ஒரு அடி பாட முடியாமல் நின்றேன். வெட்கமாக இருந்தது. பந்தலின் மூலையில் நின்ற எங்கள் ஊர் ஒலிபெருக்கிக்காரருக்குக் கையைக் காட்டினேன். அவருக்கு விளங்கிவிட்டது. என்னுடைய ஒலிப்பதிவைப் போட்டார்.

வெளியே பறை முழங்கியது. உள்ளே உலக்கை விழுந்தது. அதற்கு மேலே என்னுடைய குரல் ஒலித்தது. பாட்டு முடிந்து பெண்கள் அரிசி போட்டார்கள். மருமகள் தன் பங்கைப் போட்டுவிட்டு இரண்டாவது பிடியை அள்ளினாள். தொலைபேசியைப் பார்த்து, "அண்ணை, இது உங்கடை. நல்லாப் பாருங்கோ, அம்மா போறா," என்று சொல்லிச் சொல்லிப் போட்டாள். முகத்தை மறைக்காமல் இருக்கவேண்டும் என்று பக்கத்தில் நின்றவர்களைக் கையால் விலக்கினாள். பிறகு பெட்டியை மூடினார்கள்.

பிரேதம் ஒழுங்கையைத் தாண்டியது. சுடலைக்குப் போவதற்காக நான் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தேன். படக்காரர் என்னிடம் வந்தார். அவருடைய முகம் வெளிறிப்போயிருந்தது. நேரலை நின்றுவிட்டது என்றார். எப்போது என்று கேட்டேன். சுண்ணப் பாட்டுத் தொடங்கி இரண்டாம் மூன்றாம் நிமிடத்திலேயே நின்றுவிட்டதாம். திரும்பத் தொடங்கப் பார்த்தாராம், தளம் விடவில்லையாம். அதுவரை ஓடியதும் அழிந்து போயிற்று.

மருமகள் பேசினது வெறும் தொலைபேசியோடு. ஏன் அப்போதே சொல்லவில்லை என்று அவருடைய சட்டையைப் பிடித்துவிட்டேன்.

"பிள்ளை அழுது அழுது கதைச்சுக்கொண்டு நிக்குது. அந்த நேரத்திலை நான் எப்பிடி ஐயா சொல்லுறது?" என்றார்.

என்னுடைய கை தானாகவே கழன்றது. தன்னுடைய தொலைபேசியை என்னிடம் நீட்டினார். கறுத்த திரையில் ஆங்கிலத்தில் இரண்டு வரி. பதிப்புரிமை காரணமாக இந்தக் காணொளி தடை செய்யப்பட்டுள்ளது. அதற்குக் கீழே, தடை செய்தவரின் பெயர். நான் எழுத்துக் கூட்டிச் சொல்லி எழுதுவித்த பெயர். ஒரு எழுத்தும் பிழைத்திருக்கவில்லை.

அதற்குப் பிறகு நான் எப்படிச் சுடலைக்குப் போனேன் என்று சரியாக நினைவில்லை. ஒலிபெருக்கிக்காரர் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டு நடந்தது மட்டும் தெரியும். நான் சொன்னேனே என்று அவர் ஒருமுறை குத்திக் காட்டியிருந்தால் எனக்கு எவ்வளவோ ஆறுதலாக இருந்திருக்கும்.

பின்நேரம் ஒலிப்பதிவுக்கூடத்துக்கு அழைத்துத் தடையை எடுக்கச் சொன்னேன். எடுக்கலாம், நாலைந்து நாள் ஆகும் என்றார். அக்காவின் நேரலை திரும்ப வருமா என்று கேட்டேன். சேமித்திராவிட்டால் வராது என்றார். படக்காரரின் தொலைபேசியில் இடம் இருக்கவில்லை, அவர் சேமித்திருக்கவில்லை.

மருமகளிடம் என்னுடைய தொலைபேசியைக் கொடுத்து, இத்தனை மாதமாக வந்த மின்னஞ்சல்களை எனக்கு வாசித்துச் சொல்லச் சொன்னேன். ஏன் அதைக் கேட்டேன் என்று தெரியவில்லை. அவள் தாயை எரித்த அன்றே இதையும் செய்தாள். முதலாவது, உருத்திராட்சக்காரர். அடுத்தது, இறுதிக் கிரியை நேரலை, உடுவில். அடுத்தது, இறுதிக் கிரியை நேரலை, சாவகச்சேரி. அடுத்தது பருத்தித்துறை. அடுத்தது கனடாவில் எங்கோ ஒரு மண்டபம். ஒவ்வொன்றிலும் ஒரு தாயின் பெயர் அல்லது தகப்பனின் பெயர் இருந்தது. ஒன்றில் பதினெட்டு வயது என்றும் இருந்தது. அவள் குரல் மாறாமல் வாசித்துக்கொண்டே போனாள். போதும் பிள்ளை என்று சொன்னேன்.

கள்ளன் ஒருத்தன்தான். மற்ற எல்லாம் செத்தவீடு. ஒவ்வொன்று தடைபட்டபோதும் நான் கதிரையில் இருந்துகொண்டு மனைவிக்குக் கூவிச் சொல்லிச் சந்தோசப்பட்டிருக்கிறேன். எந்தெந்த நாட்டில் எந்தெந்தப் பிள்ளை கறுத்த திரையில் என்னுடைய பெயரைப் பார்த்துக்கொண்டிருந்ததோ தெரியாது. என்னுடைய குரலை இன்னொருவர் முகத்தில் ஒட்டியது பிழை என்று இப்போதும் சொல்லுவேன். அதைத் தடுக்க எனக்கு உரிமை இருந்தது. அந்த உரிமையை எதன் கையில் கொடுக்கிறேன் என்று நான் பார்க்கவில்லை. உருத்திராட்சக்காரரையும் என்னுடைய அக்காவையும் பிரித்தறியத் தெரியாத ஒன்றிடம் கொடுத்துவிட்டு வந்து பாயாசம் குடித்திருக்கிறேன்.

மருமகன் நாலு மணிபோல எடுத்தான். பதினொரு முறை அழைத்திருந்தானாம். பறையிலும் பாட்டிலும் ஒருவருக்கும் கேட்கவில்லை. நான் மன்னிப்புக் கேட்கத் தொடங்கினேன். அவன் மறித்தான்.

"தெரியும் மாமா. அம்மான்ரை முகம் இருந்த இடத்திலை உங்கடை பேர் வந்தது. நான் ரீவியை நிப்பாட்டேல்லை. திரும்ப அம்மா வருவா எண்டு அந்தப் பேரையே பாத்துக்கொண்டு இருந்தனான்."

பிறகு அவன் கேட்டான்.

"மூடேக்கை அம்மா எப்பிடி இருந்தவ மாமா? நீங்கள் கிட்டத்தானே நிண்டனீங்கள். சொல்லுங்கோ."

சொல்வதற்கு வாயெடுத்தேன். அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. பெட்டிக்கு இரண்டு அடி தள்ளி நின்றிருக்கிறேன். ஆனால் நான் அக்காவைப் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. ஒலிபெருக்கியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். என்னுடைய குரல் எவ்வளவு தெளிவாகக் கேட்கிறது என்று பார்த்துக்கொண்டிருந்தேன். பதிகத்தின் மூன்றாம் பாட்டில் ஓரிடத்தில் சுருதி ஒரு நூல் இறங்கியிருக்கிறது, அதைத் திருத்திப் பதிந்திருக்கலாம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அரிசி போட்டபோதும் அதைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். மூடி விழுந்த சத்தத்தில்தான் திரும்பினேன்.

நித்திரை கொள்கிற மாதிரி இருந்தவ என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம். யாரும் சொல்லக்கூடியது. வாயில் வந்தும் விட்டது. அவனுக்கு அதைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

"நான் பாக்கேல்லைத் தம்பி," என்றேன்.

"அப்ப நீங்களும் பாக்கேல்லை," என்றான்.

அதில் கோபம் இருக்கவில்லை. கோபித்திருந்தால் எனக்குப் பதில் பேசத் தெரியும். தங்கச்சியிட்டைக் குடுங்கோ என்று மெல்லக் கேட்டான். கொடுத்தேன். அவள் தொலைபேசியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு அறைக்குள் போய்ச் சொல்லத் தொடங்கினாள். தலையை எந்தப் பக்கம் வகிடு எடுத்து வாரி இழுத்தது, எந்தச் சேலை, நாடியைக் கட்டின துணி ஒரு பக்கம் இழுபட்டிருந்தது, இடது கண் முழுக்க மூடாமல் கொஞ்சம் திறந்தபடியே இருந்தது, அரிசி சொண்டில் ஒட்டினதைத் தான் விரலால் துடைத்தது. ஒன்றையும் விடாமல், ஒவ்வொன்றாக அண்ணனுக்குச் சொன்னாள். நான் கதவுக்குப் பின்னால் சத்தம் போடாமல் நின்றேன். அக்காவின் கடைசி முகத்தை நான் அப்படி ஒட்டுக்கேட்டுத்தான் அறிந்தேன்.